வாயிலும் மாளிகையும்: சுந்தரனாரின் மனோன்மணீயம்

இயல், இசை, நாடகம் என மூன்றாகத் தமிழைப் பகுத்துப் போற்றுவது நம் மரபு. ஆயினும் நம் பள்ளிகளில் இம்மூன்றும் ஒத்த மதிப்புடன் பயிலப்படுவதில்லை என்பதை ஆசிரியப் பணியில் உள்ளோர் அனைவரும் அறிவர். இயற்றமிழ் வகுப்பறையில் வாழ்கிறது. இசைத்தமிழ் விழா மேடையில் வாழ்கிறது. நாடகத்தமிழோ ஆண்டு இறுதி நிகழ்ச்சிக்குச் சில வாரங்களுக்கு முன்னர் நினைவுக்கு வந்து, விழா முடிந்த மறுநாளே மறக்கப்படுகிறது.

சில ஆண்டுகளுக்கு முன்னர்க் கிள்ளானில் நடைபெற்ற மாணவர் பேச்சுப் போட்டி ஒன்றுக்கு நடுவராகச் சென்றிருந்தேன். இறையருட்கவிஞர் சீனி நைனா முகம்மது இயற்றிய தமிழ் வாழ்த்து நம் நாட்டின் பல அரங்குகளில் ஒலிப்பது. அன்று, பேராசிரியர் சுந்தரம் பிள்ளையின் தமிழ்த்தெய்வ வணக்கத்தை மாணவியர் நால்வர் இனிமையாகப் பாடினர். நிகழ்ச்சி முடிந்தபின் ஒரு மாணவன் என்னிடம் வந்து, "ஐயா, இந்தப் பாட்டை எழுதிய புலவர் வேறு என்னென்ன பாட்டு எழுதினார்?" என்று கேட்டான். "தம்பி, இது தனிப்பாட்டு அன்று, ஒரு நாடக நூலின் முகப்பில் உள்ளது" என்றேன். "அப்படியானால் அந்த நாடகத்தில் என்ன நடக்கிறது, ஐயா?" என்று அடுத்த வினா பிறந்தது. அருகிலிருந்த ஆசிரியர் மூவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டனர். அவர்களைக் குறைகூற எனக்குத் தகுதியில்லை. ஆசிரியர் பயிற்சி பெற்ற நாளில் நூலாசிரியர் பெயர், நூற்பெயர், வெளிவந்த ஆண்டு ஆகிய மூன்றையும் ஒரே வரியில் மனப்பாடம் செய்து, தேர்வில் மதிப்பெண் பெற்றவன் நான். நூலை முழுமையாகப் படித்தது நாற்பது வயதைக் கடந்த பின்னரே.

அம்மாணவனின் வினாவுக்குச் சற்றுத் தாமதமாகத் தரும் விடையே இக்கட்டுரை. மனோன்மணீயத்தின் முகப்பு ஒரு வாழ்த்து. அதன் உள்ளீடோ, புகழ்மொழியை நம்பிக் கெட்ட ஓர் அரசனின் கதை. நாம் வாழ்த்தை எடுத்துக்கொண்டோம். எச்சரிக்கையை விட்டுவிட்டோம் என்பதே ஈண்டு நான் நிறுவ முற்படுவது.

ஆசிரியராக வாழ்ந்த நாடகாசிரியர்

சுந்தரம் பிள்ளை 1855 ஆம் ஆண்டு ஏப்ரல் திங்கள் 4 ஆம் நாள் ஆலப்புழையில் பிறந்தார். தந்தையார் பெருமாள் பிள்ளை. தாயார் மாடத்தி அம்மாள். திருவனந்தபுரத்தில் பயின்று 1876 இல் இளங்கலைப் பட்டமும், 1880 இல் முதுகலைப் பட்டமும் பெற்றார். இடையில் திருநெல்வேலியில் ஓர் ஆங்கிலத் தமிழ்ப் பள்ளியின் தலைமையாசிரியராகப் பணியாற்றினார். அப்பள்ளியே பின்னாளில் இந்துக் கல்லூரியாக வளர்ந்தது. பின்னர்த் திருவனந்தபுரம் கல்லூரியில் தத்துவம் கற்பித்தார். மூன்றாண்டுக் காலம் திருவாங்கூர் அரண்மனை அலுவலில் இருந்துவிட்டு, 1885 இல் தம் ஆசிரியர் ஹார்வி ஓய்வு பெற்றபோது, அவர் வகித்த தத்துவப் பேராசிரியர் இருக்கையில் அமர்ந்தார். அந்த ஹார்விக்கே தம் நாடகத்தைப் படையலாக்கினார். 1897 ஏப்ரல் 26 இல், நாற்பத்திரண்டாம் வயதிலேயே மறைந்தார்.

இச்சிறு வாழ்க்கைக் குறிப்பில் நம்மனோர் கருத்தில் கொள்ளத்தக்கவை இரண்டு. முதலாவது, அவர் தமிழகத்தின் நடுவில் இருந்து எழுதியவர் அல்லர். மலையாளம் பேசுவோர் மிகுந்த திருவாங்கூர் மண்ணில் பிறந்து, அங்கேயே உழைத்து, அங்கேயே மறைந்தவர். அவர் பிறந்த ஆலப்புழையும் வாழ்ந்த திருவனந்தபுரமும் இன்று கேரள மாநிலத்தில் உள்ளன. தமிழ்நாட்டு அரசு விழாக்களில் ஒலிக்கும் பாடலைத் தந்தவர் தமிழ்நாட்டு எல்லைக்கு வெளியே வாழ்ந்தவர் என்பது, கடல் கடந்து வாழும் நமக்கு ஊக்கமளிக்கும் செய்தியன்றோ? தமிழின் உயர்வுக்குப் பங்களிக்கத் தமிழகத்தில் இருந்தாக வேண்டுமென்ற கட்டாயமில்லை.

இரண்டாவது, அவர் தமிழ்ப் பற்றை உணர்ச்சியளவில் நிறுத்திக்கொண்டவர் அல்லர். திருஞானசம்பந்தர் பதின்மூன்றாம் நூற்றாண்டினர் என்று கால்டுவெல் கருதினார். கால்டுவெல்லின் பெரும் புகழ் கண்டு சுந்தரனார் தயங்கவில்லை, வசைமொழியிலும் இறங்கவில்லை. சான்றுகளை வரிசைப்படுத்தி, சம்பந்தர் ஏழாம் நூற்றாண்டுக்குப் பிற்பட்டவராக இருக்க இயலாதென நிறுவினார். அவ்வாய்வு 1895 இல் நூலாக வெளிவந்தது. திருவாங்கூரின் பண்டைய அரசரைப் பற்றிக் கல்வெட்டுகளைக் கொண்டு ஆராய்ந்து எழுதினார். அறிவியல் பிரிவுகளைத் தமிழில் விளக்க நூற்றொகை விளக்கம் என்னும் நூலையும் இயற்றினார். தமிழைத் தெய்வமாக வணங்கியவர், தமிழைப் பற்றிய செய்திகளைச் சான்றின்றி ஏற்க மறுத்தவருமாவார். இவ்விரு பண்பும் ஒருவரிடமே இருந்தன என்பதை நினைவிற்கொண்டு நாடகத்தை அணுகுவோம்.

1891 ஆம் ஆண்டின் இரு நிகழ்ச்சிகள்

பத்தொன்பதாம் நூற்றாண்டின் தமிழ் மேடை பெரும்பாலும் இசை மேடையாகவே இருந்தது. தெருக்கூத்தும் புராண நாடகங்களும் இரவு முழுவதும் நடந்தன. காசி விசுவநாத முதலியார் டம்பாச்சாரி விலாசத்தின் வழியாகச் சமகால வாழ்வை நாடகத்துக்குள் கொணர்ந்தார். ஆயினும் கற்றோர் பலர் நாடகத்தை இழிவாகவே எண்ணினர்.

இச்சூழலில் 1891 ஆம் ஆண்டு குறிப்பிடத்தக்கது. அவ்வாண்டிலேதான் சென்னையில் பம்மல் சம்பந்த முதலியார் சுகுண விலாச சபையைத் தொடங்கினார். கற்றோர் மேடையேறி நடிக்கும் வழக்கம் அதனால் வளர்ந்தது. அதே ஆண்டில் மனோன்மணீயம் அச்சில் வெளிவந்தது. முன்னது நடிப்பதற்குரிய நாடகத்தையும் பின்னது படிப்பதற்குரிய நாடகத்தையும் வளர்த்தன. இவ்விரு வழிகளும் முழுமையாக ஒன்றுகூடாமற் போனது தமிழ் நாடகத்துக்கு நேர்ந்த இழப்பு. பம்மலார் மேடை அறிந்தவர். சுந்தரனார் ஆழம் அறிந்தவர். மேடையும் ஆழமும் கைகோத்திருப்பின் நம் நாடக வரலாறு வேறாக அமைந்திருக்கும்.

கதையும் அதன் மூலமும்

மனோன்மணீயம் ஐந்து அங்கங்களும் இருபது களங்களும் உடையது. பெரும்பகுதி ஆசிரியப்பாவால் ஆனது. பாண்டியன் சீவகன், அமைச்சன் குடிலன் சொற்கேட்டு, மதுரையை விட்டுத் திருநெல்வேலியைத் தலைநகராக்கி அங்கே ஒரு கோட்டை கட்டுகிறான். அவன் குலகுருவாகிய சுந்தர முனிவர் வரவிருக்கும் தீங்கை உணர்ந்து, அரண்மனையில் ஓர் அறையைக் கேட்டுப் பெற்று, அங்கிருந்து தம் ஆசிரமம்வரை சுரங்கவழி ஒன்றை மறைவாக அமைக்கிறார். சீவகன் மகள் மனோன்மணியும் சேரன் புருடோத்தமனும் ஒருவரையொருவர் கனவிலே கண்டு காதல் கொள்கின்றனர். கனவில் கண்டவர் யாரென இருவரும் அறியார். தன் மகன் பலதேவனுக்கு மனோன்மணியை மணமுடித்து அரசைக் கைப்பற்ற எண்ணும் குடிலன், அவனையே தூதனாகச் சேரனிடம் அனுப்புகிறான். நாஞ்சில் நாட்டு வழக்கும் தூதுவனின் செருக்கும் போரை மூட்டுகின்றன. சீவகன் தோற்கிறான். மகளைப் பலதேவனுக்கே தர முடிவு செய்கிறான். அந்த இரவிலேயே குடிலன் சுரங்கவழியை அறிந்து பகைவனிடம் காட்டிக்கொடுக்கச் செல்கிறான். காட்டிக்கொடுப்பவனை வெறுக்கும் சேரன் அவனைக் கட்டி, அவ்வழியே அவனையும் இழைத்துக்கொண்டு மணமண்டபத்தை அடைகிறான். கனவில் கண்டவனை நேரில் கண்ட மனோன்மணி அவனுக்கே மாலையிடுகிறாள்.

இக்கதைக்கு மூலம் ஆங்கிலத்தில் உள்ளது. லிட்டன் பிரபு 1866 இல் வெளியிட்ட கதைத் தொகுதியில் அமைந்த 'இரகசிய வழி' என்னும் செய்யுட் கதையே அது. இவருடைய மகனே 1876 முதல் 1880 வரை இந்தியாவின் வைசிராயாக இருந்து, இந்திய மொழி இதழ்களின் வாயை அடைக்கும் சட்டத்தை 1878 இல் கொண்டுவந்தவர். மகன் நம் மொழிகளுக்குப் பூட்டுப் போட்ட காலத்தை அடுத்து, தந்தையின் கதை தமிழுக்குள் வந்து தமிழாகவே மாறியது. நாடகத்தினுள் அமைந்த சிவகாமி சரிதமும் கோல்ட்சுமித்தின் ஆங்கிலக் கதைப்பாடலைத் தழுவியதே.

தழுவல் என்றவுடன் முகம் சுளிப்போர் உண்டு. அவர்கட்கு ஒன்று கூறலாம். கனவிலே கண்டு காதல் கொண்ட இருவரின் கதை லிட்டன் படைத்ததன்று. பண்டைய கிரேக்க எழுத்தாளர் அத்தினேயசு அதனைக் கூறியுள்ளார். உசை அநிருத்தனைக் கனவிற் கண்ட கதையை நம் புராணமும் அறியும். கம்பர் கதையை வான்மீகியிடம் பெற்றார். சேக்சுபியர் பிறர் நூல்களிலிருந்து பெற்றார். கதை எங்கிருந்து வந்தது என்பதினும், வந்த கதை என்னவாக வளர்ந்தது என்பதே திறனாய்வாளன் கேட்கவேண்டிய வினா. சுந்தரனாரின் கையில் அது நெல்லையின் கதையாயிற்று. நாஞ்சில் நாட்டு வயலின் கதையாயிற்று. குருவருள் பற்றிய சைவச் சிந்தனையாயிற்று. தம் ஞானாசிரியராகிய கோடகநல்லூர்ச் சுந்தர சுவாமிகளை மனத்திற்கொண்டே சுந்தர முனிவரை அவர் படைத்தார்.

கோட்டையும் குடிலனும்

நாடகத்தின் உயிர் எங்கே உள்ளது? கனவுக் காதலில் உள்ளது என்பர் சிலர். நூற்பெயரும் அவ்வாறே எண்ணச் செய்கிறது. எனினும் நூலை மீண்டும் மீண்டும் படிக்குங்கால் என் மனத்தில் நிற்பவர்கள் வேறு மூவர்: சீவகன், குடிலன், நாராயணன்.

சீவகன் கொடியவன் அல்லன். நல்லவன், மகள்பால் பேரன்புடையவன், போரில் அஞ்சாதவன். அவனிடம் உள்ள குறை ஒன்றே: தனக்கு இனியது எதுவோ அதுவே உண்மையென நம்புவான். புதிய கோட்டையைப் பார்த்துப் பார்த்து மகிழ்கிறான். குலகுரு வந்தபோதும் கோட்டையின் பெருமையையே பேசுகிறான். முனிவரோ கோட்டையின் வலிமையில் மயங்கவில்லை.

குடிலனைச் சுந்தரனார் படைத்த திறன் வியக்கத்தக்கது. அவன் அரசனை எதிர்த்துப் பேசுவதே இல்லை. அரசன் மனத்தில் உள்ளதை முன்கூட்டி அறிந்து, அதனையே இனிய சொல்லில் திருப்பித் தருகிறான். தன் விருப்பத்தை அரசனின் விருப்பம்போல் தோன்றச் செய்கிறான். தனித்திருக்கும்போது அவன் பேசும் பேச்சும், அவையில் பேசும் பேச்சும் நேர்மாறானவை. இரண்டையும் அடுத்தடுத்து வைத்துக் காட்டுகிறார் ஆசிரியர். மூன்றாண்டுகள் அரண்மனை அலுவலில் இருந்தவர் எழுதிய பாத்திரம் இது என்பதைப் படிப்போர் எளிதில் உணர்வர்.

நாராயணனோ உண்மையைக் குறிப்பாகவும் நகையாகவும் சொல்பவன். அரசன் அதைக் கேட்டு நகைக்கிறான், பொருளை உணர்வதில்லை. இறுதியில், போரில் அரசனைக் காத்து நின்ற அவன்மீதே பழி விழுகிறது. அவனுக்கே தண்டனை விதிக்கப்படுகிறது. இடித்துரைக்கும் துணையை அரசனுக்கு இன்றியமையாததாக வள்ளுவர் வைத்தார். அத்துணையை அருகில் வைத்துக்கொண்டே அறியாத அரசனைச் சுந்தரனார் நாடகமாக்கினார். வெளிப் பகையைத் தடுக்கக் கட்டிய கோட்டை, உள்ளிருந்த பகையைக் காத்தது என்பதே இந்நாடகத்தின் மையக் கருத்தாகும்.

இவ்விடத்தில் என் அனுபவம் ஒன்றைக் கூறாதிருக்க இயலவில்லை. தலைமையாசிரியர் பொறுப்பேற்ற தொடக்கத்தில், பெற்றோரும் நன்கொடையாளரும் அளித்த தொகையைக் கொண்டு பள்ளிக்கு அழகிய நுழைவாயில் வளைவு கட்ட விரும்பினேன். மூத்த ஆசிரியை ஒருவர், "ஐயா, வளைவு நிற்கட்டும், தொலைவிலுள்ள பிள்ளைகளுக்கு வேன் கட்டணத்தில் உதவினால் அடுத்த ஆண்டு முதலாம் ஆண்டில் சேருவார்கள்" என்றார். மற்றவர் பலரும் வளைவையே சிறப்பித்துப் பேசினர். வளைவு எழுந்தது, திறப்பு விழாவில் எனக்கு மாலை விழுந்தது. அடுத்த ஆண்டு முதலாம் ஆண்டில் சேர்ந்தவர் முந்திய ஆண்டினும் குறைவு. மனோன்மணீயத்தை அதற்குப் பின்னரே படித்தேன். சீவகன் தன் கோட்டையைக் காட்டி மகிழும் முதல் அங்கத்தைக் கடக்க எனக்குப் பல நாள் ஆயிற்று.

குறைகளும் கூறத்தக்கன

பாராட்டு மட்டும் திறனாய்வாகாது. அதிலும் இந்நூலைப் பற்றிப் பேசும்போது அது பெரும் முரண்பாடாகும். மனோன்மணீயம் மேடைக்குரிய விரைவு உடையதன்று. நடராசனின் தனிமொழிகள் கதையை நிறுத்திவிடுகின்றன. போர் மூளும் வேளையிலும் பாத்திரங்கள் உவமைமேல் உவமையாக அடுக்குகின்றனர். சுந்தர முனிவரின் மாணாக்கராகிய நிட்டாபரரும் கருணாகரரும் தவமா தொண்டா எனச் சொற்போரிடுவது தத்துவ மாணவர்க்கு விருந்து. அரங்கில் அமர்ந்திருப்போர்க்கு அவ்வாறன்று. முடிவும் முனிவரின் முன்னறிவால் எளிதாகத் தீர்ந்துவிடுகிறது. 1942 இல் மாடர்ன் தியேட்டர்சு இக்கதையைத் திரைப்படமாக்கியது, பி. யு. சின்னப்பாவும் டி. ஆர். ராஜகுமாரியும் நடித்தனர். திரைக்குக் கதை உதவியது. செய்யுள் நூலிலேயே தங்கிவிட்டது.

எனினும் குறையெனச் சொல்லிய அப்பகுதிகளிலேயே நூலின் தனி அழகும் உள்ளது. நாங்கூழ்ப் புழுவைப் பார்த்து நடராசன் வியந்து பேசும் பகுதி ஒன்று போதும். மண்ணைத் தின்று, மண்ணைப் பண்படுத்தி, உழவனுக்கு உதவி, யாரிடமும் புகழ் எதிர்பாராமல் உழைக்கும் சிற்றுயிரை அவன் போற்றுகிறான். மண்புழுவின் உழைப்பைப் பற்றி டார்வின் எழுதிய நூல் 1881 இல் வெளிவந்தது. பத்தாண்டுக்குள் தமிழ்ச் செய்யுளில் அதே புழு இடம்பெற்றுவிட்டது. அரண்மனையில் புகழுக்கு ஏங்கும் மன்னன். வயலில் புகழை அறியாத புழு. இவ்விரண்டையும் ஒரே நூலில் வைத்த ஆசிரியரின் நோக்கத்தை விளக்கவும் வேண்டுமோ?

வாணியும் மனோன்மணியும்

மாணவரிடையே நல்ல உரையாடலை எழுப்பத்தக்க பகுதி மற்றொன்று உண்டு. மனோன்மணியின் தோழி வாணி, நடராசனை விரும்புகிறாள். அவள் தந்தை சகடனோ பலதேவனுக்குத் தர முனைகிறான். வாணி இணங்க மறுக்கிறாள். மனோன்மணியோ நாட்டின் இக்கட்டு நிலையில் தந்தையின் சொல்லுக்குக் கட்டுப்படுகிறாள். ஆனால் தன்னை ஒப்புக்கொடுக்கும் அந்நேரத்திலும் வாணியின் விருப்பம் நிறைவேற வேண்டுமெனக் கேட்டுப் பெறுகிறாள். மறுத்தவள் உயர்ந்தவளா, பொறுத்தவள் உயர்ந்தவளா? ஆசிரியர் தீர்ப்புக் கூறவில்லை. 1891 இல் எழுப்பப்பட்ட இவ்வினாவை இன்றைய மாணவியர் முன் வைத்துப் பாருங்கள். வகுப்பு மணி அடித்தபின்னும் பேச்சு ஓயாது.

வாயிலோடு நின்றுவிடாமல்

1970 இல் தமிழ்நாடு அரசு, தமிழ்த்தெய்வ வணக்கத்தின் சில அடிகளைத் தேர்ந்து, அரசு விழாக்களின் தொடக்கப் பாடலாக ஆக்கியது. பிற மொழிகளோடு ஒப்பிடும் அடிகள் விடப்பட்டன. மெல்லிசை மன்னர் விசுவநாதன் மோகன இராகத்தில் இசையமைத்தார். 2021 திசம்பரில் அப்பாடல் மாநிலப் பாடலாக அறிவிக்கப்பட்டது. 1990 இல் திருநெல்வேலியில் நிறுவப்பட்ட பல்கலைக்கழகமும் அவர் பெயரையே தாங்கியுள்ளது. அவர் தலைமையாசிரியராக இருந்த ஊரும், அவருடைய நாடகம் நிகழும் ஊரும் அதுவே. சிறப்புகள் யாவும் தக்கனவே. ஆயினும் வாயிலைத் தொழுதுவிட்டு மாளிகையினுள் நுழையாமல் திரும்புவோரை எவ்வாறு அழைப்பது?

தமிழை வாழ்த்துவது எளிது. நின்று பாடினால் போதும். நம் நாட்டில் தமிழ்ப் பள்ளிகளின் எதிர்காலம் குறித்துப் பேசும் கூட்டங்களிலும் வாழ்த்துக்கும் மாலைக்கும் குறைவிருப்பதில்லை. அங்கே நாராயணனைப்போல் ஒருவர் எழுந்து கசப்பான கணக்கொன்றைச் சொன்னால், நாம் நகைக்கிறோமா, சினக்கிறோமா, செவிசாய்க்கிறோமா? அவ்விடையைப் பொறுத்தே நம் கோட்டையின் நிலை அமையும்.

ஆசிரியப் பெருமக்களுக்கு ஒரு வேண்டுகோள். நூல் முழுவதையும் மேடையேற்ற வேண்டா. சீவகனும் குடிலனும் உரையாடும் ஒரு களத்தைத் தேர்ந்தெடுங்கள். இரு மாணவரை எழுந்து நின்று வாய்விட்டுப் படிக்கச் செய்யுங்கள். கடுஞ்சொற்களைச் சந்தி பிரித்துக் கரும்பலகையில் எழுதுங்கள். பின்னர், "அரசன் எந்தச் சொல்லில் ஏமாந்தான்?" என ஒரு வினா மட்டும் கேளுங்கள். இரண்டு பாடவேளைகள் போதும். படிப்பதற்கென எழுதப்பட்ட நாடகத்துக்கு வகுப்பறையே சிறந்த அரங்கு. ஓர் ஆசிரியர் எழுதிய நாடகத்துக்கு ஆசிரியரே சிறந்த இயக்குநர்.

கிள்ளானில் வினவிய அம்மாணவன் இன்று பள்ளிப் படிப்பை முடித்திருப்பான். அவனைப்போல் வினவும் மாணவன் அடுத்த விழாவிலும் எழுவான். அன்று நாம் ஒருவரையொருவர் பார்த்துக்கொள்ளாமல், நூலை அவன் கையில் கொடுப்போமாக.